கூத்துப்பறம்பு எம்.எல்.ஏ. எழுதிய தீர்ப்புகள்

1987-ஆம் ஆண்டு குடியரசுத் தலைவர் தேர்தலில் நேருக்கு நேர் நின்ற இருவருமே வழக்கறிஞர்கள். இருவரும் சென்னைச் சட்டக் கல்லூரியில் படித்தவர்கள்; இருவரும் மாநில அமைச்சர்களாக இருந்தவர்கள். பட்டுக்கோட்டைப் பக்கத்து ராஜாமடத்தில் பிறந்த ஆர். வெங்கட்ராமன் காமராஜர் அமைச்சரவையில் தொழில்துறையைக் கவனித்தவர். பாலக்காட்டு வைத்தியநாதபுரத்தில் பிறந்த வி.ஆர். கிருஷ்ணய்யர் இ.எம்.எஸ். நம்பூதிரிபாட் அமைச்சரவையில் சட்டம், சிறை, மின்சாரம், நீர்ப்பாசனம் எனப் பல துறைகளைச் சுமந்தவர். வெங்கட்ராமன் 7,40,148 வாக்கு மதிப்புடன் வென்றார். எதிர்க்கட்சிகளின் வேட்பாளரான கிருஷ்ணய்யருக்குக் கிடைத்தது 2,81,550. இன்று வெங்கட்ராமனை அரசியல்வாதியாக நினைவுகூர்கிறோம். கிருஷ்ணய்யர் என்றால் நீதிபதி என்கிறோம். முன்னவருக்கு அது பொருந்தும். பின்னவர் விஷயத்தில் அது பாதிக் கதைதான்.

கிருஷ்ணய்யரைப் பற்றி எழுதுகிறவர்கள் வழக்கமாக 1973-லிருந்து தொடங்குவார்கள். உச்ச நீதிமன்றத்தில் ஏழு ஆண்டுகள், சிறைவாசிகள் உரிமை, ஜாமீன், இலவசச் சட்ட உதவி, இந்திரா காந்தி வழக்கில் பிறப்பித்த இடைக்கால ஆணை என்று பட்டியல் நீளும். அதற்கு முந்தைய அரசியல் வாழ்க்கை ஒரு முன்குறிப்பாக வந்துபோகும். அவரை விரும்புகிறவர்கள் அதை இளமைக்கால வேகம் என்று கடந்துவிடுவார்கள்; விரும்பாதவர்கள் அதைக் கறை என்பார்கள். இரு தரப்பும் ஓர் இடத்தில் ஒத்துப்போகிறார்கள்: அரசியல்வாதியாக இருந்தும் அவர் நல்ல நீதிபதியானார், அல்லது அரசியல்வாதியாக இருந்ததால் கெட்ட நீதிபதியானார் என்று, அந்த ஆண்டுகளை ஒரு தடையாகவே பார்க்கிறார்கள். அவருடைய முக்கியமான தீர்ப்புகளை எடுத்து, 1952-க்கும் 1965-க்கும் இடையில் அவர் செய்த வேலையோடு பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படித்தால் வேறொன்று தெரிகிறது. சட்டமன்ற உறுப்பினராகவும் அமைச்சராகவும் பெற்ற அனுபவம்தான் அந்தத் தீர்ப்புகளின் மூலப்பொருள். சபைக்குப் போகாத கிருஷ்ணய்யர் திறமையான ஒரு மலபார் வக்கீலாக இருந்திருப்பார். இந்தத் தீர்ப்புகளை எழுதியிருக்க மாட்டார்.

முதலில் அவர் எந்த மண்ணில் வக்கீல் தொழில் செய்தார் என்பதைப் பார்க்க வேண்டும். தந்தை ராம ஐயர் கொயிலாண்டியில் வழக்கறிஞர். மகன் பாலக்காடு விக்டோரியா கல்லூரி, சிதம்பரம் அண்ணாமலைப் பல்கலைக்கழகம், சென்னைச் சட்டக் கல்லூரி என்று படித்துவிட்டு 1930-களின் இறுதியில் தலச்சேரியில் தொழில் தொடங்கினார். அன்றைய மலபார் சென்னை மாகாணத்தின் ஒரு மாவட்டம். நிலமெல்லாம் ஜென்மிகள் எனப்பட்ட நிலவுடைமையாளர்கள் பெயரில் இருந்தது. அவர்களுக்குக் கீழே காணக்காரர், அவருக்குக் கீழே வெறும்பாட்டக் குடியானவர், எல்லாருக்கும் கீழே கூலி. மலபார் குடிவாரச் சட்டம் 1930-லேயே வந்துவிட்டது; ஆனால் அதில் பலன் பெற்றவர்களில் பெரும்பாலோர் நடுவில் இருந்த காணக்காரர்கள். வெறும்பாட்டக்காரரை வெளியேற்றுவதற்கான வழக்குகள் நின்றபாடில்லை. கையூர் வழக்கில் நான்கு விவசாய இளைஞர்கள் 1943 மார்ச்சில் தூக்கிலிடப்பட்டார்கள். மலபார்ச் சிறப்புக் காவல்படை ஊர் ஊராக இறங்கியது. இந்தச் சூழலில் கம்யூனிஸ்ட்டுகளுக்கும் குடியானவர்களுக்கும் வழக்காடியவர் கிருஷ்ணய்யர். அதற்கான விலையையும் கொடுத்தார். 1948-ல், கம்யூனிஸ்ட்டுகளுக்குச் சட்ட உதவி செய்தார் என்ற குற்றச்சாட்டில் ஒரு மாத காலம் தடுப்புக் காவலில் வைக்கப்பட்டார். கட்சிக்காரருக்கு வாதாடியதற்காகச் சிறைக்குப் போன ஒரு வக்கீல், அந்தச் சட்டத்தைப் புத்தகத்தில் மட்டும் படித்திருக்க வாய்ப்பில்லை.

அடுத்த சில ஆண்டுகளில் நடந்தவை அந்த அனுபவத்தை இன்னும் ஆழமாக்கின. 1950 பிப்ரவரி 11 அன்று சேலம் மத்திய சிறையில் கைதிகள் மீது துப்பாக்கிச் சூடு நடந்தது. 22 பேர் இறந்தார்கள். அவர்களில் பெரும்பாலோர் மலபார் விவசாயத் தொண்டர்கள். அதே ஆண்டு மே மாதத்தில், கண்ணூர்ப் பக்கத்து ஏ.கே. கோபாலன் தன்னைத் தடுப்புக் காவலில் வைத்த சென்னை அரசுக்கு எதிராகத் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. உயிருக்கும் தனிமனிதச் சுதந்திரத்துக்கும் பாதுகாப்புத் தரும் 21-ஆவது பிரிவை அந்தத் தீர்ப்பு மிகக் குறுக்கியது: நாடாளுமன்றமோ சட்டமன்றமோ ஒரு நடைமுறையை வகுத்துவிட்டால் போதும், அது நியாயமானதா என்று நீதிமன்றம் கேட்க வேண்டியதில்லை. 28 ஆண்டுகள் கழித்து மேனகா காந்தி வழக்கில் அந்தக் குறுகிய வாசிப்பைக் கைவிட்ட நீதிபதிகளில் ஒருவர், கோபாலனின் ஊருக்கு அடுத்த தொகுதியின் முன்னாள் எம்.எல்.ஏ.

அந்தத் தொகுதி கூத்துப்பறம்பு. 1952 பொதுத் தேர்தலில் அங்கே சுயேச்சையாக நின்று வென்று, கிருஷ்ணய்யர் சென்னைச் சட்டமன்றத்துக்கு வந்தார். அது விசித்திரமான சபை. மொத்தம் 375 இடங்களில் காங்கிரஸுக்கு 152 தான். கம்யூனிஸ்ட்டுகள் 62 பேர். பெரும்பான்மை யாரிடம் என்று தெளிவில்லாத நிலையில், சட்டமன்றத் தேர்தலில் நிற்காத ராஜாஜி மேலவைக்கு நியமிக்கப்பட்டு முதலமைச்சரானார். அந்த நியமனத்தில் ஆளுநரின் பங்கு அன்றே சர்ச்சையானது. முதல் முறை உறுப்பினர் ஒருவருக்கு இதைவிட நல்ல பாடசாலை கிடைக்காது. யாரை முதலமைச்சராக அழைப்பது, பெரும்பான்மையை எங்கே நிரூபிப்பது, ஆளுநர் யாருடைய சொல்லைக் கேட்பது என்று பாடநூலில் பிற்காலத்தில் ஏறிய கேள்விகளெல்லாம் அங்கே உயிரோடு நடமாடின. தமிழ், தெலுங்கு, மலையாளம், கன்னடம் பேசும் உறுப்பினர்கள் ஒரே கூரையின் கீழ் உட்கார்ந்திருந்தார்கள். சுயேச்சையாக இருந்ததையும் சின்ன விஷயமாக எண்ணக் கூடாது. கொறடா சொன்ன பக்கம் கை தூக்குகிறவருக்கு வாதம் தேவைப்படாது. கட்சி இல்லாதவருக்கு வாதத்தைத் தவிர வேறு முதல் இல்லை.

1956 நவம்பர் 1-ல் மலபார் கேரளத்தோடு சேர்ந்தது. அடுத்த தேர்தலில் தலச்சேரியில் கம்யூனிஸ்ட் ஆதரவு பெற்ற சுயேச்சையாக அவர் வென்றார். 126 பேர் தேர்ந்தெடுக்கப்பட்ட சபையில் கம்யூனிஸ்ட் கட்சிக்கு 60. ஆதரவு சுயேச்சைகள் ஐந்து பேர். அந்த ஐவர் இல்லாமல் ஆட்சி இல்லை. 1957 ஏப்ரல் 5-ல் பதவியேற்ற அமைச்சரவையில் வக்கீல்களுக்குப் பஞ்சமில்லை. நிதியமைச்சர் அச்சுத மேனன் வக்கீல். வருவாய்த்துறை அமைச்சர் கே.ஆர். கௌரி வக்கீல், சட்ட அமைச்சர் கிருஷ்ணய்யர். ஏப்ரல் 11-ஆம் தேதியே குடியானவர்களை நிலத்திலிருந்து வெளியேற்றும் நடவடிக்கைகளை நிறுத்தி அவசரச் சட்டம் வந்தது. ஆறே நாள். வக்கீல்களாக இருந்த அமைச்சர்களுக்கு ஒரு விஷயம் நன்றாகத் தெரிந்திருந்தது: நிலச் சீர்திருத்தம் வரப்போகிறது என்று தெரிந்தால், சட்டம் வருவதற்குள் வெளியேற்ற வழக்குகள் குவியும். முதலில் வாசலை அடைத்துவிட்டுத்தான் வீட்டைப் பழுதுபார்க்க வேண்டும்.

அதன் பிறகு நடந்ததுதான் கிருஷ்ணய்யரின் உண்மையான சட்டப் படிப்பு. ஒரு சட்டம் சபையில் நிறைவேறிவிட்டால் அது சட்டமாகிவிடும் என்று நினைக்கிறவர்கள் கேரள விவசாய உறவுகள் மசோதாவின் வரலாற்றைப் பார்க்கலாம். கௌரி 1957 டிசம்பரில் அறிமுகம் செய்த மசோதா 1959 ஜூன் 10-ல் நிறைவேறியது. அடுத்த மாதமே ஆட்சி கலைக்கப்பட்டது. குடியரசுத் தலைவர் மசோதாவைத் திருப்பியனுப்பினார். அடுத்து வந்த கூட்டணி ஆட்சியில் மாற்றங்களோடு மீண்டும் நிறைவேறி, 1961 தொடக்கத்தில் ஒப்புதல் பெற்றது. அந்த ஆண்டு டிசம்பரிலேயே உச்ச நீதிமன்றம் ரயத்துவாரி நிலங்களைப் பொறுத்தவரை அது செல்லாது என்றது. அந்தத் தடையை அகற்ற 1964-ல் அரசமைப்பின் 17-ஆவது திருத்தம் தேவைப்பட்டது. இதற்கிடையில் 1963-ல் புதிய நிலச் சீர்திருத்தச் சட்டம்; 1969-ல் அதற்குப் பெரிய திருத்தம்; குத்தகை முறை சட்டப்படி ஒழிந்தது 1970 ஜனவரி 1 அன்று. ஏப்ரல் 1957-ன் அவசரச் சட்டத்திலிருந்து கணக்கிட்டால் பன்னிரண்டரை ஆண்டுகளுக்கு மேல். குடியானவருக்குக் கொடுத்த வாக்கைக் காப்பாற்றப் பல கட்சி ஆட்சிகளும், ஆளுநர் ஆட்சியும், ஒரு குடியரசுத் தலைவரும், ஓர் உச்ச நீதிமன்ற அமர்வும், ஓர் அரசமைப்புத் திருத்தமும் வழியில் வந்துபோயின.

கல்வி மசோதாவின் கதை இன்னொரு பாடம். தனியார் பள்ளி நிர்வாகங்களைக் கட்டுப்படுத்தி ஆசிரியர்களுக்குப் பணிப் பாதுகாப்பும் முறையான சம்பளமும் தரக் கல்வி அமைச்சர் முண்டசேரி கொண்டுவந்த மசோதாவை, ஆளுநர் குடியரசுத் தலைவருக்கு அனுப்பினார்; குடியரசுத் தலைவர் 143-ஆவது பிரிவின் கீழ் உச்ச நீதிமன்றத்தின் கருத்தைக் கேட்டார். 1958 மே 22-ல் தலைமை நீதிபதி எஸ்.ஆர். தாஸ் தலைமையிலான அமர்வு, சில பிரிவுகள் சிறுபான்மையினரின் கல்வி நிறுவன உரிமையை மீறுகின்றன என்றும், மற்றவை நிற்கும் என்றும் சொன்னது. அரசு மசோதாவைத் திருத்தி மீண்டும் நிறைவேற்றியது. இங்கே சட்ட அமைச்சராக இருந்தவர் கற்றது என்ன? நோக்கம் நல்லதாக இருந்தாலும் உரிமைகளின் எல்லையைத் தாண்டினால் நீதிமன்றம் நிறுத்தும் என்பது ஒன்று. அந்த நிறுத்தத்துக்குப் பிறகும் நோக்கத்தைக் காப்பாற்ற முடியும் என்பது இன்னொன்று. தீர்ப்பு எழுதும் கிருஷ்ணய்யர் ஒரு சட்டத்தை முழுதாகத் தூக்கி எறிவதைவிட, அதை அரசமைப்போடு பொருந்துமாறு வாசித்துக் காப்பாற்றவே முயன்றார். சிறைச் சட்டத்தின் தனிமைச் சிறைப் பிரிவுகளை அவர் கையாண்ட விதம் இதற்குச் சான்று: பிரிவு நிற்கட்டும், ஆனால் சிறை அதிகாரி அதைத் தண்டனையாகப் பயன்படுத்த முடியாது என்றார். மசோதா தோற்பது எவ்வளவு விலை கொண்டது என்று பார்த்தவரின் கை அது.

தமிழ் வாசகருக்கு நெருக்கமான ஒரு பக்கத்தையும் சொல்லிவிட வேண்டும். பரம்பிக்குளம் – ஆழியாறு திட்டத்துக்கான பேச்சுவார்த்தை நடந்தபோது கேரளத்தின் நீர்ப்பாசன அமைச்சர் அவர்தான். மேற்கே ஓடும் ஆறுகளின் நீரைத் திருப்பிக் கோவை, பொள்ளாச்சி வறண்ட நிலங்களுக்குக் கொண்டுவர வேண்டும்; அதற்குக் கேரளம் சம்மதிக்க வேண்டும். ஒப்பந்தம் 1970 மே 29-ல்தான் கையெழுத்தானது; ஆனால் 1958 நவம்பர் 9 முதல் நடைமுறைக்கு வந்ததாகக் கொள்ளப்பட்டது. சித்தூர்ப்புழைக்கு மணக்கடவில் ஆண்டுக்கு 7.25 டி.எம்.சி. என்று கேரளத்தின் பங்கும் எழுதிவைக்கப்பட்டது. கேரளத்தில் இதை இன்றும் விட்டுக்கொடுத்தல் என்று குறை சொல்கிறவர்கள் உண்டு. கொங்கு மண்டலத்தில் அவர் பெயரைச் சொல்கிறவர்கள் அதிகம் இல்லை. (நன்றி எப்போதும் அணை கட்டியவருக்குப் போகும், சம்மதித்தவருக்குப் போவதில்லை.)

1959 ஜூலை 31. கம்யூனிஸ்ட் ஆட்சிக்கு எதிரான விமோசனப் போராட்டம் உச்சத்தில் இருந்தது. அங்கமாலியில் ஜூன் 13-ல் நடந்த துப்பாக்கிச் சூட்டில் ஏழு பேர் இறந்திருந்தார்கள். கடற்கரைக் கிராமங்களிலும் குண்டு பாய்ந்தது. ஒடுக்குமுறையை எதிர்த்து வந்த அமைச்சரவையின் காவல்துறையே சுட்டது என்பதைக் கிருஷ்ணய்யரின் ஆதரவாளர்கள் மறைக்கத் தேவையில்லை. அந்தப் பழியில் அமைச்சர்கள் எல்லாருக்கும் பங்குண்டு. ஆனால் சபையில் பெரும்பான்மை அப்படியே இருந்தது. ஆளுநர் ராமகிருஷ்ண ராவின் அறிக்கையின் பேரில் 356-ஆவது பிரிவு பாய்ந்து ஆட்சி போனது. சபையில் தோற்காமல் பதவி இழந்த அமைச்சர்களில் ஒருவர் கிருஷ்ணய்யர். இனி 1974 ஆகஸ்டுக்கு வருவோம். ஷம்ஷேர் சிங் வழக்கு, பஞ்சாபில் இரண்டு கீழ் நீதிமன்ற அதிகாரிகளைப் பணிநீக்கம் செய்தது பற்றியது. ஏழு நீதிபதிகள். ஆளுநர் தன் சொந்தத் திருப்தியின்படி முடிவெடுக்க வேண்டுமா, அமைச்சரவை சொல்படியா என்பதே கேள்வி. வழக்குக்குத் தேவையான பதிலைத் தலைமை நீதிபதி ரே சொல்லிவிட்டார். கிருஷ்ணய்யர் பகவதியையும் சேர்த்துக்கொண்டு தனியாக நீண்ட தீர்ப்பு எழுதினார்: ஆளுநரும் குடியரசுத் தலைவரும் அமைச்சரவையின் ஆலோசனைப்படியே நடக்க வேண்டும், விதிவிலக்குகள் மிகச் சில. முதலமைச்சரைத் தேர்வது, பெரும்பான்மை இழந்தும் விலகாத அரசை நீக்குவது, சபையைக் கலைப்பது போன்றவை. அங்கேகூட ஆளுநர் அரசியலில் இறங்கக் கூடாது. இந்தப் பட்டியலை மீண்டும் ஒருமுறை பாருங்கள். 1952-ன் சென்னையும் 1959-ன் திருவனந்தபுரமும் அதில் இருக்கின்றன. சொந்த வழக்கைத் தீர்த்துக்கொண்டார் என்று யாரும் சொல்ல முடியாது, ஏனெனில் பெரும்பான்மை இல்லாத அரசை நீக்கும் அதிகாரத்தை அவர் ஆளுநருக்கு விட்டே வைத்தார். பெரும்பான்மை உள்ள அரசைத் தொடுவதற்குத்தான் இடம் தரவில்லை.

ஏழைக்குச் சட்ட உதவி என்ற பொருளில் இந்தத் தொடர்ச்சி இன்னும் நேரானது. கேரள அரசு 1957-லேயே ஏழைகளுக்கான சட்ட உதவி விதிகளைக் கொண்டுவந்தது. 1972-ல் மத்திய அரசு சட்ட உதவி பற்றி ஆராய அமைத்த குழுவுக்குத் தலைவர், அப்போது சட்ட ஆணையத்தில் இருந்த கிருஷ்ணய்யர். அறிக்கை 1973 மே மாதம் வந்தது. 1976-ன் 42-ஆவது திருத்தம் இலவசச் சட்ட உதவிக்கான 39-ஏ பிரிவைச் சேர்த்தது. நெருக்கடி நிலையின் அந்தத் திருத்தத்தில் பாராட்டத்தக்க வரிகள் குறைவு. அவற்றில் இது ஒன்று. 1978-ல் ஹோஸ்கோட் வழக்கு. மேல்முறையீட்டுக்கு வேண்டிய தீர்ப்பு நகல் தன் கைக்கு வராததால் ஆண்டுக்கணக்கில் தாமதமானது என்றார் ஒரு கைதி. கைதிக்குத் தீர்ப்பு நகலை இலவசமாகத் தர வேண்டும், வக்கீல் வைக்க முடியாதவருக்கு அரசு வக்கீல் வைத்துத் தர வேண்டும், அது அரசின் தயவு அல்ல, கடமை என்று எழுதினார். விதி, அறிக்கை, தீர்ப்பு: ஒரே விஷயத்தை ஒருவரே மூன்று நாற்காலிகளிலிருந்து தள்ளியிருக்கிறார். 1987-ன் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டம் இந்த வரிசையின் முடிவில் வந்தது.

நிர்வாகத்தை உள்ளிருந்து பார்த்தவர் என்பது சின்னச் சின்ன இடங்களில்தான் பளிச்சென்று தெரியும். 1978-ன் மோத்தி ராம் வழக்கில் ஏழைக் கொத்தனார் ஒருவருக்கு ஜாமீன் கிடைத்தது. ஆனால் மாஜிஸ்திரேட் 10,000 ரூபாய்க்கு உத்தரவாதம் கேட்டார். சகோதரர் தர வந்தபோது, சொத்து வேறு மாவட்டத்தில் இருக்கிறது என்று மறுத்தார். மலையாளியோ தமிழரோ கன்னடரோ பஸ்தரிலோ போர்ட் பிளேரிலோ கைதானால் உள்ளூர் உத்தரவாதத்துக்கு எங்கே போவார் என்ற பொருளில் கிருஷ்ணய்யர் கேட்டார். நான்கு மொழிச் சபையில் உட்கார்ந்தவருக்கு அந்தக் கேள்வி எளிதாக வந்தது. 1980-ன் ரத்லாம் நகராட்சி வழக்கில், சாக்கடையும் ஆலைக் கழிவும் சூழ்ந்த தெருவைச் சுத்தம் செய்ய நிதி இல்லை என்றது நகராட்சி. நிதி இல்லை என்ற பதிலை அமைச்சராக அவர் எத்தனை கோப்புகளில் படித்திருப்பார்! அந்தப் பதிலை ஏற்க மறுத்தார்; ஆனால் வானத்தைப் பார்த்து ஆணையிடவும் இல்லை. முன்வைக்கப்பட்ட திட்டங்களில் செலவு குறைந்த ஒன்றை எடுத்து, மாநில அரசு கடனாகவோ மானியமாகவோ உதவட்டும் என்று வழி சொல்லிக் காலக்கெடு வைத்தார். சுனில் பத்ரா வழக்கில் நீதிபதிகள் திகார் சிறைக்கே போய்ப் பார்த்தார்கள். இரண்டாவது பத்ரா வழக்கில், சக கைதியைக் காவலர் சித்திரவதை செய்ததைச் சொல்லும் கடிதமே மனுவாக எடுத்துக்கொள்ளப்பட்டது. அந்த அமர்வில் தானே ஒரு மாதம் அடைபட்டிருந்தவரும், பின்பு சிறைத்துறைக்கு அமைச்சராக இருந்தவரும் ஒரே ஆளாக உட்கார்ந்திருந்தார்.

1975 ஜூன் 24 ஆணையையும் இந்த வெளிச்சத்தில் பார்க்கலாம். அலகாபாத் உயர் நீதிமன்றம் இந்திரா காந்தியின் தேர்தலைச் செல்லாது என்றது. விடுமுறைக் கால நீதிபதி கிருஷ்ணய்யர். இந்திரா காந்தியின் வழக்கறிஞர் பல்கிவாலா முழுத் தடை கேட்டார். எதிர்த்தரப்பு வழக்கறிஞர் சாந்தி பூஷண் தடையே கூடாது என்றார். கிருஷ்ணய்யர் கொடுத்தது நிபந்தனையுடன் கூடிய தடை: இந்திரா மக்களவை உறுப்பினராகப் பதிவேட்டில் கையெழுத்திடலாம், பிரதமராக அவையில் பேசலாம், ஆனால் உறுப்பினராக வாக்களிக்கவோ ஊதியம் பெறவோ முடியாது. அவையில் உட்காருவது, பேசுவது, வாக்களிப்பது மூன்றும் வெவ்வேறு உரிமைகள் என்று அவ்வளவு நுணுக்கமாகப் பிரிக்க, சபை விதிகளோடு வாழ்ந்தவர் வேண்டும். இந்த ஆணை யாரையும் திருப்திப்படுத்தவில்லை. மறுநாள் நெருக்கடி நிலை. இதைக் கோழைத்தனம் என்பவர்களும், நெருக்கடி நிலைக்குக் காரணம் என்பவர்களும் உண்டு. தேர்தல் வழக்குகளில் அப்போது வழக்கமாக இருந்த இடைக்கால நிபந்தனைகளையே பிரதமருக்கும் வைத்தார் என்பதுதான் நேர்மையான மதிப்பீடு. 1960 தேர்தலில் தன் சொந்த முடிவுக்காக நீதிமன்றப் படி ஏற வேண்டிவந்த ஒருவர், ஒரு வேட்பாளருக்கும் வாக்காளருக்கும் அந்த இடைக்காலம் என்ன பொருள் தரும் என்று அறிந்திருந்தார்.

ஆட்சேபணைகளுக்கு வருவோம். முதலாவது எளிதில் யூகிக்கக்கூடியது: கட்சி சார்புள்ளவர் நீதிபதியாகலாமா? 1973-ல் மூன்று மூத்த நீதிபதிகளைத் தாண்டி ரே தலைமை நீதிபதியாக்கப்பட்ட காலம் அது. அரசுக்கு இசைவான நீதித்துறை வேண்டும் என்ற பேச்சு அதிகார மட்டத்தில் வெளிப்படையாக நடந்தது. அந்தச் சூழலில் கிருஷ்ணய்யர் நியமனத்தைப் பம்பாய் வழக்கறிஞர்கள் சிலர் எதிர்த்ததில் வியப்பில்லை. அவர்களில் ஒருவரான சோலி சொராப்ஜி, தன் எதிர்ப்பு தவறென்று பிற்காலத்தில் பகிரங்கமாகச் சொன்னார். ஆனாலும் ஆட்சேபணையை ஒருவரின் மனமாற்றத்தால் தீர்த்துவிட முடியாது. எதிர் உதாரணம் இருக்கிறது. பகாருல் இஸ்லாம் காங்கிரஸ் மாநிலங்களவை உறுப்பினர். பிறகு குவாஹாட்டி உயர் நீதிமன்ற நீதிபதி. பிறகு உச்ச நீதிமன்ற நீதிபதி. 1983 ஜனவரியில் பதவி விலகிக் காங்கிரஸ் வேட்பாளரானார். வந்த வழி ஒன்றுபோலத்தான் தெரிகிறது. சென்ற இடம்தான் வேறு. கிருஷ்ணய்யர் பதவிக்காலம் முடித்து ஓய்வு பெற்று ஏறக்குறைய ஏழு ஆண்டுகள் கழித்து, தோல்வி உறுதி என்று தெரிந்த ஒரு தேர்தலில் நின்றார். அதையும் விரும்பாதவர்கள் இருக்கலாம். ஆனால் கட்சியில் இருந்ததும் சபையில் பொறுப்பு ஏற்றதும் ஒரே தகுதி அல்ல. என் வாதம் இரண்டாவதற்கு மட்டுமே. 2023-ல் சென்னை உயர் நீதிமன்றத்துக்கு எல். விக்டோரியா கௌரி நியமிக்கப்பட்டபோது அவருடைய கட்சித் தொடர்பையும் பேச்சுகளையும் காட்டி எதிர்ப்பு எழுந்தது. உச்ச நீதிமன்றம் மனுவைத் தள்ளுபடி செய்தது. அப்போது சிலர், அரசியல் பின்னணி உள்ளவர்கள் முன்பும் வந்திருக்கிறார்களே என்றார்கள். அந்த ஒப்பீடு பொருந்தாது. மசோதா எழுதி, எதிர்க்கட்சியின் கேள்விக்குப் பதில் சொல்லி, தேர்தலில் தோற்று, தன் சட்டம் நீதிமன்றத்தில் விழுவதைப் பார்த்த அனுபவம் ஒரு கட்சி அடையாள அட்டையால் வந்துவிடாது.

இரண்டாவது ஆட்சேபணை கனமானது. அரசியல் அனுபவம் தீர்ப்பை வளப்படுத்தும் என்றால், அதைத் திரிக்கவும் செய்யுமே? செய்தது. 1977-ன் ரங்கநாத ரெட்டி வழக்கில், சமூகத்தின் பொருள் வளங்கள் என்பதில் தனியார் சொத்தும் அடங்கும் என்று அவர் தனியாக எழுதிய கருத்து மிக அகலமானது. 2024 நவம்பர் 5-ல் ஒன்பது நீதிபதிகள் அமர்வில் பெரும்பான்மையினர் அதை நிராகரித்தார்கள். தலைமை நீதிபதி சந்திரசூட் பயன்படுத்திய கடுமையான சொற்களை நீதிபதி நாகரத்னா ஏற்கவில்லை. முடிவைப் பொறுத்தவரை பெரும்பான்மை பெரும்பான்மைதான். 1961-ல் தன் அரசு தொடங்கிய நிலச் சட்டம் நீதிமன்றத்தில் விழுந்ததைக் கண்டவர், அந்த வழி இனி அடைபட வேண்டும் என்று நினைத்திருப்பார், புரிகிறது. ஆனால் புரிகிறது என்பது சரி என்று ஆகாது. எல்லை போடாத கருத்து அது. மரண தண்டனையை மிக அரிதாக்கிய 1979-ன் ராஜேந்திர பிரசாத் தீர்ப்பையும் அடுத்த ஆண்டே பச்சன் சிங் அமர்வு மாற்றியது. இங்கே கவனிக்க வேண்டியது, திருத்தம் நடந்தது என்பது. நீதிமன்றம் ஒருவர் தனியாக நடத்தும் கடை அல்ல. அமர்வில் பலவகை அனுபவங்கள் இருந்தால் ஒன்றின் மிகை மற்றொன்றால் சரியாகும். எல்லாரும் ஒரே அனுபவம் உடையவர்களாக இருந்தால் மிகையும் ஒரே பக்கம் சாயும், அதைத் திருத்த ஆளும் இருக்காது.

அவருடைய ஆங்கிலத்தைப் பற்றியும் ஒரு புகார் உண்டு, அது நியாயமானது. கொத்தனாருக்கும் கைதிக்கும் நீதி சொன்ன தீர்ப்புகளைப் படிக்க வக்கீல்களே அகராதி தேட வேண்டியிருந்தது. சபையில் பேசிப் பழகியவரின் அலங்காரம் அது. சபை அவருக்குத் தந்தவற்றில் இது நீதிமன்றத்துக்குத் தேவைப்படாத ஒன்று.

மூன்றாவது ஆட்சேபணையே எனக்குச் சுவையானது. சென்னை மாகாணத்திலும் பிறகு இரு மாநிலங்களிலும் வக்கீல் எம்.எல்.ஏ.க்கள் நூற்றுக்கணக்கில் வந்துபோனார்கள். அவர்களில் எத்தனை பேர் இப்படி ஆனார்கள்? சபைதான் ஆசான் என்றால் மாணவர் ஒருவர் மட்டும் தேறியது எப்படி? இதற்குப் பதில், வாசல் எல்லாருக்கும் ஒன்றாகத் திறக்கவில்லை என்பதே. பலர் அரசியலிலேயே தங்கிவிட்டார்கள், சி. சுப்பிரமணியமும் வெங்கட்ராமனும் தங்கள் சட்ட அறிவை மாநிலத்திலும் பிறகு மத்தியிலும் ஆட்சி நடத்தவே செலவிட்டார்கள், நன்றாகவும் செலவிட்டார்கள். பலர் சபையில் இருந்தபடியே தொழிலும் நடத்தினார்கள். 2018-ல் உச்ச நீதிமன்றமும் அதற்குத் தடையில்லை என்றுவிட்டது. கிருஷ்ணய்யரின் பாதை மூன்று காரணங்களால் வேறானது. கொறடாவுக்குக் கட்டுப்படாமல் சபையில் இருந்தார். சட்டம் செய்யும் துறையும் அதை நடைமுறைப்படுத்தும் துறைகளும் ஒரே நேரத்தில் அவர் கையில் இருந்தன. பிறகு 1965-ல் தோற்றார். தோல்வி அவரை மீண்டும் கறுப்பு அங்கிக்குள் அனுப்பியது. 1968 ஜூலையில் கேரள உயர் நீதிமன்றத்தில் நீதிபதியானார். வென்றிருந்தால் 1967 அமைச்சரவையில் அவர் மீண்டும் இருந்திருக்கக்கூடும், இந்தக் கட்டுரைக்கும் வேலை இருந்திருக்காது.

இது இந்தியாவின் தனி விநோதம் அல்ல. அமெரிக்க உச்ச நீதிமன்றத்தின் முதல் பெண் நீதிபதி சாண்ட்ரா டே ஓ'கானர், அரிசோனா மாநில செனட்டில் பெரும்பான்மைக் கட்சித் தலைவராக இருந்தவர். கருத்தில் கிருஷ்ணய்யருக்கு நேரெதிர், குடியரசுக் கட்சிக்காரர். ஆனால் மாநிலச் சட்டமன்றங்கள் எப்படி இயங்குகின்றன என்ற அறிவு அவருடைய தீர்ப்புகளில் தெரிகிறது என்று இரு தரப்பினரும் ஒப்புக்கொள்வார்கள். 2006-ல் அவர் ஓய்வு பெற்ற பிறகு, தேர்தலில் வென்று சட்டமன்றத்தில் அமர்ந்த ஒருவர்கூட அந்த நீதிமன்றத்துக்கு வரவில்லை. இந்தியாவிலும் 1993-க்குப் பிறகு நியமனம் கொலீஜியம் கைக்கு வந்ததிலிருந்து, பெரும்பாலும் உயர் நீதிமன்ற வக்கீல், பிறகு உயர் நீதிமன்ற நீதிபதி என்ற ஒரே வரிசையிலிருந்தே உச்ச நீதிமன்றம் நிரம்புகிறது.

அந்தக் குறை எங்கே தெரிகிறது? 2025-ல் தமிழ்நாட்டு மசோதாக்களை ஆளுநர் நிறுத்திவைத்த விவகாரம் இரண்டு முறை உச்ச நீதிமன்றத்தின் முன் வந்தது. ஏப்ரலில் இரு நீதிபதிகள் அமர்வு காலக்கெடு விதித்து, பத்து மசோதாக்கள் ஒப்புதல் பெற்றதாகக் கொள்ளப்படும் என்றது. குடியரசுத் தலைவர் 143-ஆவது பிரிவின் கீழ் கருத்துக் கேட்டார். நவம்பரில் ஐவர் அமர்வு, நீதிமன்றம் காலக்கெடு விதிக்க முடியாது என்றும், ஒப்புதல் பெற்றதாகக் கொள்வது என்பதற்கு இடமில்லை என்றும் சொன்னது. 1958-ல் கேரளக் கல்வி மசோதா போன அதே பிரிவு. அந்தக் கருத்தும் ஷம்ஷேர் சிங் தீர்ப்பும் இந்த வாதங்களில் மீண்டும் புரட்டப்பட்டன. ஐவரில் ஒருவரான அன்றைய தலைமை நீதிபதி கவாயின் தந்தை ஆர்.எஸ். கவாய் மகாராஷ்டிர மேலவைத் தலைவராகவும் பின்னர் பீகார், கேரள ஆளுநராகவும் இருந்தவர். ஆனால் ஐவரில் எவரும் தாம் நிறைவேற்றிய ஒரு மசோதா ராஜ்பவனிலிருந்து எப்போது திரும்பும் என்று அமைச்சர் நாற்காலியில் காத்திருந்தவர் இல்லை.